செத்தவர் திரும்பி வந்தால் அந்தச் சாவு செல்லுமா?

3 ஆகஸ்ட் 2025, இரவு 9.10 (கேள்வி)

மார்வெல் சூப்பர்ஹீரோப் படங்களில் அயர்ன்மேன் டோனி ஸ்டார்க்காகச் செத்த ராபர்ட் டவுனி ஜூனியர், 2026 டிசம்பரில் டாக்டர் டூம் என்ற வில்லனாக வருகிறார். 2017ல் செத்த வுல்வரின் போன வருஷமே வந்துவிட்டார். தோரின் தம்பி லோகி எத்தனை முறை செத்தான், எத்தனை முறை எழுந்தான் என்று எண்ணுவதையே விட்டுவிட்டேன். 2019ல் டோனி ஸ்டார்க் கண் மூடியபோது தியேட்டரே விசும்பியது. அந்த அழுகை வீண்தானோ என்று இப்போது தோன்றுகிறது. எவர் செத்தாலும் அடுத்த படத்தில் எழுப்பிவிடுவார்கள் என்றால், உயிர்த்தியாகம் என்ற சொல்லுக்கு இந்தப் படங்களில் என்ன மதிப்பு? (எல்லாப் படத்தின் முடிவும் இங்கே பேசப்படும். பார்க்காதவர்கள் தள்ளி நில்லுங்கள்.)

3 ஆகஸ்ட், இரவு 10.40

மதிப்பு இருக்கிறது. டூம் வேறு ஆள், நடிகர் மட்டும்தான் ஒருவர். 2024ல் வந்த வுல்வரினும் வேறொரு உலகத்து வுல்வரின். 2017ன் 'லோகன்' படத்தில் செத்தவர் செத்தவர்தான். 2024 படம் தொடங்குவதே அவருடைய எலும்புக்கூட்டைத் தோண்டி எடுப்பதில்தான்.

ஆனால் இது வக்கீல் வாதம். நீங்கள் கேட்டது இதை அல்ல.

ஆள் பிறகு வருகிறாரா இல்லையா என்பதை வைத்து ஒரு சாவுக் காட்சியை எடை போடக் கூடாது. மூன்று விஷயம் பார்க்க வேண்டும். விலை என்னவென்று படம் முன்கூட்டியே சொன்னதா? மற்ற வழிகளை அடைத்ததா? செத்தபின் மிஞ்சியவர்கள் என்ன ஆனார்கள் என்று காட்டியதா? மூன்றாவதுதான் எல்லாவற்றுக்கும் மேல். அதைத்தான் பெரும்பாலான படங்கள் கோட்டை விடுகின்றன.

4 ஆகஸ்ட், காலை 7.15

டோனி சாகும் 'எண்ட்கேம்' (2019) படத்தைப் பிரித்துப் பார்ப்போம்.

விலைப்பட்டியல் முதலில். நினைத்ததை நடத்தும் ஆறு கற்களையும் கையில் அணிந்து சொடக்குப் போட்டால் உடம்பு என்ன ஆகும் என்பதை நமக்கு மூன்று தடவை காட்டிவிடுகிறார்கள். 2018ல் வில்லன் தானோஸ் சொடக்கி உயிர்களில் பாதியை மறையவைத்ததும் அவன் கை கருகியது. 2019ல் கற்களை அழித்தவன் பாதி உயிரோடு, கால் இழுத்து நடக்கிறான். பிறகு ஹல்க். 'இதிலிருந்து வருவது பெரும்பாலும் காமா கதிர், எனக்காகவே செய்ததுபோல' என்று முன்வந்தவருக்கே கை வெந்து சுருங்கிவிட்டது. ஹல்க்குக்கே இந்தக் கதி என்றால் சாதாரண மனிதனுக்கு என்ன ஆகும் என்று எவரும் வாய்விட்டுச் சொல்லவில்லை. சொல்லத் தேவையும் இல்லை. டோனியின் கையில் கற்கள் ஏறும்போது கணக்கை நாமே போட்டுவிடுகிறோம்.

அடுத்தது அவனுக்கு இழக்க என்ன இருக்கிறது என்பது. ஏரிக்கரை வீடு, சின்ன மகள் மார்கன். காலப் பயணத்துக்கு ஒப்புக்கொள்ளும்போதே, போனவர்களை மீட்கலாம், ஆனால் எனக்குக் கிடைத்ததை நான் விடமாட்டேன், முடிந்தால் சாகாமலும் இருக்க வேண்டும் என்ற பொருளில் கேப்டன் அமெரிக்கா ஸ்டீவிடம் நிபந்தனை போடுகிறான். இதே ஸ்டீவ்தான் 2012ல் இவனைப் பார்த்து, முள்வேலியில் தான் படுத்து அடுத்தவனைத் தன்மேல் ஏறிப் போகவிடும் ஆள் நீ இல்லை என்றவன். டோனி அன்று சொன்ன பதில், நான் வேலியை வெட்டிவிடுவேன் என்பது. ஏழு வருஷம் கழித்து, வெட்டுவதற்கு வேலி இல்லாத இடத்தில் கொண்டுவந்து நிறுத்துகிறார்கள்.

சொடக்குமுன் டோனி சொல்லும் 'நான் அயர்ன்மேன்' என்ற கடைசி வசனம் முதலில் படமாக்கியதில் இல்லை. டோனி எதுவும் பேசாமல் சொடக்குவதாகத்தான் எடுத்திருந்தார்கள். எடிட்டர் ஜெஃப் ஃபோர்ட் யோசனை சொல்லி, 2008ன் முதல் படத்தை முடித்த அதே வாக்கியத்தை ரீஷூட்டில் சேர்த்தார்கள். பதினோரு வருஷக் கதையின் முதல் முடிச்சும் கடைசி முடிச்சும் அந்த ஒரு வரியில் சேருகின்றன. எடிட்டிங் மேசையில் பிறந்த வரி அது.

4 ஆகஸ்ட், காலை 7.50

விட்டுப்போனது. சொடக்கியபின் டோனி பேசுவது அநேகமாக ஒன்றுமில்லை. வலப்பக்கக் கன்னமும் கழுத்தும் வெந்திருக்கின்றன. முதலில் நண்பர் ரோடி வருகிறார், எதுவும் சொல்லாமல் பார்க்கிறார். பிறகு ஸ்பைடர்மேன் பீட்டர், 'ஜெயித்துவிட்டோம்' என்று திரும்பத் திரும்பச் சொல்லி உடைகிறான். கடைசியாக மனைவி பெப்பர். அவர் முதலில் கேட்பது டோனியை அல்ல, கவசத்தில் இருக்கும் கணினிக் குரல் ஃப்ரைடேயை. உயிர்நிலை மோசம் என்று அது சொன்னபின்தான் கணவனிடம் திரும்பி, நாங்கள் பார்த்துக்கொள்கிறோம், நீ ஓய்வெடு என்கிறார். நெஞ்சிலிருக்கும் விளக்கு அணைகிறது.

சாகிறவனுக்கு நீளமாக வசனம் எழுதும் பழக்கத்தை இந்தக் காட்சி முழுக்கக் கைவிட்டது. பேசுவதெல்லாம் இருக்கிறவர்கள்.

4 ஆகஸ்ட், மாலை 6.30 (இடையில் ஒருவர்)

எல்லாம் சரி. மந்திரவாதி டாக்டர் ஸ்ட்ரேஞ்ச் ஓரிடத்திலிருந்து இன்னோரிடத்துக்கு வழி திறக்கும் வட்டம் ஒன்றைப் போட்டு தானோஸ் கையை வெட்டியிருக்கலாமே? கேப்டன் மார்வெல் எங்கே போனார்?

4 ஆகஸ்ட், இரவு 9.20

இது குறை சொல்லும் கேள்விபோல இருந்தாலும், இரண்டாவது விஷயத்தைச் சரியாகத் தொடுகிறது. அந்தப் போர்க்களத்தில் கதவுகள் ஒவ்வொன்றாக மூடப்படுவதைப் பாருங்கள். அணை உடைந்து வரும் வெள்ளத்தை ஸ்ட்ரேஞ்ச் தடுத்துக்கொண்டிருக்கிறார், கை இரண்டும் அதில். கற்களைக் காலம் கடத்தித் திருப்பி அனுப்ப ஸ்காட்டின் வேன் இருந்தது. தானோஸ் வாளை எறிந்து அதை நொறுக்குகிறான். தோர், ஸ்டீவ் இருவரும் அடிபட்டுக் கிடக்கிறார்கள். கேப்டன் மார்வெல் அவன் கையை மடக்கியே விடுகிறார். அவன் பவர் கல்லை மட்டும் பிடுங்கிக் கையில் வைத்து ஒரே குத்தில் அவரைத் தூக்கி எறிகிறான். அதன் பிறகுதான் ஸ்ட்ரேஞ்ச் டோனியைப் பார்த்து ஒரு விரலை உயர்த்துகிறார். 1,40,00,605 எதிர்காலங்களில் ஜெயிப்பது ஒன்று என்று முந்தைய படத்தில் சொன்ன கணக்கின் மிச்சம் அது.

கதவு திறந்தே கிடந்தால் என்ன ஆகும் என்பதற்கு 2003ன் 'எக்ஸ்-மென் 2'. அல்கலி ஏரியில் அணை உடைகிறது, விமானம் கிளம்ப மறுக்கிறது, மனத்தாலேயே பொருள்களை நகர்த்தும் ஜீன் வெளியே இறங்கி நின்று தண்ணீரைத் தடுத்தபடியே விமானத்தைத் தூக்கிவிடுகிறாள். இதை உள்ளே உட்கார்ந்தபடியே செய்ய முடியாதா? நினைத்த இடத்துக்குத் தாவும் நைட்க்ராலர் உள்ளேதான் இருக்கிறான். ஜீன் தன்னைத் தொடவிடாமல் அவனைத் தடுக்கிறாள் என்று ஒரு வசனம் வருகிறது. ஏன் தடுக்கிறாள்? தண்ணீரை உறையவைக்கும் பையனும் அதே விமானத்தில் இருக்கிறான். ஃபாம்கே ஜான்சன் நன்றாகத்தான் செய்திருந்தார். ஆனால் நாம் அழ வேண்டிய நேரத்தில் மனம் மாற்று வழி தேடிக்கொண்டிருக்கிறது. 2016ன் 'பேட்மேன் வி சூப்பர்மேன்' படத்தில் சூப்பர்மேன், தனக்கே விஷமான கிரிப்டோனைட் ஈட்டியோடு பாய்ந்து சாவதிலும் இதே ஓட்டை. கிரிப்டோனைட் தீண்டாத வொண்டர் வுமன் பத்தடி தள்ளி நிற்கிறார்.

5 ஆகஸ்ட், மதியம் 1.05

நேற்று எழுதியதில் வொண்டர் வுமனுக்கு நியாயம் செய்யவில்லை. அவர் சும்மா நிற்கவில்லை, கயிற்றால் டூம்ஸ்டே என்ற அரக்கனைப் பிடித்து இழுத்துக்கொண்டிருக்கிறார். படம் கதவைப் பாதி மூடியிருக்கிறது. எனக்கு அந்தப் பாதி போதவில்லை.

அந்தப் படத்தின் பெரிய தவறு வேறு. சவப்பெட்டிமேல் விழுந்த மண், கடைசி ஷாட்டில் மெல்ல மேலெழும்புகிறது. துக்கத்துக்கு உட்கார்ந்தவனிடம் 'ஆள் வந்துவிடுவார்' என்று காதில் சொல்வதுபோல. அடுத்த படத்தில் எழுப்பியதைவிட இந்த ஒரு ஷாட்தான் அந்தச் சாவைச் செல்லாமல் ஆக்கியது.

5 ஆகஸ்ட், இரவு 11.00

ஆறு கற்களில் ஒன்றான ஆன்மாக் கல் இருக்கும் வோர்மிர் மலை பற்றி ஒருவர் தனியாகக் கேட்டிருந்தார். ஆன்மாக் கல் வேண்டும் என்றால் நேசிக்கும் உயிர் ஒன்று போக வேண்டும். 2018ல் தானோஸின் வளர்ப்பு மகள் கமோரா, 2019ல் 'பிளாக் விடோ' நடாஷா. அதே பாறை, மேலிருந்து பார்க்கும் அதே கோணம், கீழே கிடக்கும் பெண். இரண்டும் ஒன்றுதானே, ஏன் ஒன்று எரிச்சல் தருகிறது, மற்றது உலுக்குகிறது என்பது கேள்வி.

தமிழில் யோசித்தால் ஒரே நொடியில் விளங்கும். பலி கொடுப்பது வேறு, உயிரைக் கொடுப்பது வேறு. தானோஸ் கமோராவைப் பலி கொடுத்தான். அவன் கண்ணீர் விடுகிறான், ஆனால் கொடுத்தது அவனுடையது இல்லை. நடாஷா தன் உயிரைக் கொடுத்தாள்.

கல்லைத் தேடிப்போன நண்பர்கள் கிளின்ட்டும் நடாஷாவும் ஒருவரை ஒருவர் தடுத்துச் சண்டை போடுவதாக அமைத்தது நல்ல முடிவு. முதலில் வேறு மாதிரி எடுத்தார்கள்: தானோஸின் படை துரத்திவர, குண்டடிகளுக்கு நடுவே நடாஷா விளிம்புக்கு ஓடிக் குதிப்பாள். அந்த வடிவம் நீக்கிய காட்சிகளில் வெளிவந்தது. பார்த்தால் வித்தியாசம் தெரியும். எதிரி துரத்தும்போது குதிப்பது அவசரம். எதிரியே இல்லாமல், நண்பனின் பிடியை உதறிவிட்டுக் குதிப்பதில்தான் முடிவு முழுக்க அவளுடையதாகிறது. பாறைச் சுவரைக் காலால் உந்தி, கிளின்ட்டின் கையிலிருந்து தன்னை விடுவித்துக்கொள்கிறாளே, அந்த உந்தல்தான் காட்சி.

ஆனால் அதன் பிறகு? ஏரிக்கரைப் பலகையில் ஐந்து ஆண்கள் நிற்கிறார்கள், ஸ்டீவ் கண்ணைத் துடைக்கிறார், புரூஸ் (ஹல்க்) ஒரு பெஞ்சைத் தூக்கித் தண்ணீருக்கு அப்பால் எறிகிறார். வேலை இருக்கிறது, கிளம்பிவிட்டார்கள். டோனிக்கு நிறுத்தி நிதானமாக இறுதிச் சடங்கு. நடாஷாவுக்குப் பெயர் எழுதி ஒரு பூகூட இல்லை. ஆறு வருஷமாகியும் இதை என்னால் ஒத்துக்கொள்ள முடியவில்லை.

6 ஆகஸ்ட், காலை 8.20

மிஞ்சியவர்கள் செய்வது ஏன் அவ்வளவு முக்கியம் என்று கேட்கிறீர்கள். தொல்காப்பியம் நடுகல்லுக்கு ஆறு படி சொல்கிறது: காட்சி, கால்கோள், நீர்ப்படை, நடுதல், பெரும்படை, வாழ்த்து. வீரன் எப்படி விழுந்தான் என்பது இந்த ஆறில் எதிலும் இல்லை. கல்லைத் தேடுவது, நீராட்டுவது, நடுவது, பெயரும் பீடும் எழுதிப் படைப்பது, எல்லாமே இருக்கிறவர்கள் வேலை. டோனியின் சடங்கில், அவன் நெஞ்சிலிருந்த விளக்கான பழைய ஆர்க் ரியாக்டரை மலர்வளையத்தில் வைத்து ஏரியில் மிதக்கவிடும்போது எனக்கு நீர்ப்படைதான் நினைவுக்கு வந்தது. அவர்கள் அதை நினைத்து எடுக்கவில்லை. சாவுக்குச் சடங்கு வேண்டும் என்பது எங்கேயும் ஒன்றுதான்.

இதை அந்தப் படங்களிலேயே மிக நேர்மையாகச் செய்தது 2022ன் 'வகாண்டா ஃபாரெவர்'. சாட்விக் போஸ்மன் 2020 ஆகஸ்ட் 28 அன்று பெருங்குடல் புற்றுநோயில் நிஜமாகவே இறந்துவிட்டார். வேறு நடிகரைப் போடவில்லை. அவர் நடித்த வகாண்டா அரசன் டிச்சாலாவின் சாவை அவர்கள் காட்டவே இல்லை. தங்கை ஷூரி ஆய்வுக்கூடத்தில் அவனைக் காப்பாற்றும் மூலிகையைச் செயற்கையாக உண்டாக்கப் பதறிக்கொண்டிருக்கிறாள், அம்மா உள்ளே வந்து சொல்கிறார், அவ்வளவுதான். பிறகு மார்வெல் முத்திரை இசையே இல்லாமல், போஸ்மனின் படங்களோடு போகிறது. வெள்ளை உடுத்த ஊர்வலம், ஆட்டம், பாட்டம்.

அதோடு விட்டிருந்தால் அஞ்சலி என்ற அளவில் நின்றிருக்கும். ஒரு வருஷம் கழித்து அம்மா மகளை ஆற்றங்கரைக்கு அழைத்துப் போய், துக்கத்துக்கு உடுத்த துணியை எரிக்கச் சொல்கிறார். மகள் மறுக்கிறாள். இந்த உலகத்தையே எரிப்பேன் என்கிறாள். அந்தத் துணி கடைசிக் காட்சிவரை கடனாக நிற்கிறது. ஹைட்டி கடற்கரையில் தனியாக உட்கார்ந்து அதைத் தீயில் போடும்போதுதான் அண்ணன் முகம் அவளுக்கு வருகிறது. இரண்டரை மணி நேரப் படம் ஒரு துணியை எரிக்க எடுத்துக்கொண்ட நேரம்.

6 ஆகஸ்ட், இரவு 10.15

காமிக்ஸ் பக்கம் கொஞ்சம். சூப்பர்மேனை 1992 நவம்பரில் கொன்றார்கள், 'சூப்பர்மேன்' 75ஆம் இதழில். கறுப்பு உறையில் போட்டு, கையில் கட்டிக்கொள்ளக் கறுப்புத் துணியும் வைத்து விற்ற பதிப்பு அது. காதலி லோயிஸுடன் அவன் கல்யாணக் கதையைத்தான் முதலில் திட்டமிட்டிருந்தார்கள். டிவி தொடர் வரப்போகிறது, கல்யாணத்தைத் தள்ளிவையுங்கள் என்று சொல்லிவிட்டதால் அந்த இடத்துக்கு வந்த கதை இது.

அந்த இதழில் பக்கத்துக்கு நான்கு கட்டம், பிறகு மூன்று, இரண்டு, ஒன்று என்று குறைத்துக்கொண்டே போகிறார்கள். கட்டம் பெரிதாகப் பெரிதாக ஒவ்வொரு அடியும் கனமாகிறது. படத்தில் இதற்கு ஈடு ஸ்லோ மோஷன் இல்லை. இசையை இறக்குவதுதான்.

1988ல் நடந்தது இதற்கு நேர் எதிர். 'பேட்மேன்' கதையில் பேட்மேனின் துணைவன், இரண்டாவது ராபின் ஜேசன் டாட் சாக வேண்டுமா, பிழைக்க வேண்டுமா என்று வாசகர்களைத் தொலைபேசியில் ஓட்டுப் போடச் சொன்னார்கள். ஒரு அழைப்புக்கு 50 சென்ட். சாகட்டும் 5,343, பிழைக்கட்டும் 5,271. எழுபத்திரண்டு ஓட்டு. பையன் சாவில் அவன் முடிவு என்று எதுவும் இல்லை, எழுதியவர் முடிவுகூட இல்லை. இருந்தும் அந்தச் சாவு பல வருஷம் நின்றது. காரணம், பேட்மேனின் குகையில் கண்ணாடிப் பெட்டிக்குள் அவன் உடையை வைத்து, பேட்மேனை அதன் முன்னால் நிறுத்திக்கொண்டே இருந்தார்கள்.

7 ஆகஸ்ட், காலை 6.55

திருத்தம். நான்கு, மூன்று, இரண்டு, ஒன்று என்பது ஒரே இதழுக்குள் இல்லை. அடுத்தடுத்த நான்கு இதழ்கள்: 'அட்வென்ச்சர்ஸ் ஆஃப் சூப்பர்மேன்' 497ல் பக்கத்துக்கு நான்கு, 'ஆக்‌ஷன் காமிக்ஸ்' 684ல் மூன்று, 'மேன் ஆஃப் ஸ்டீல்' 19ல் இரண்டு, 'சூப்பர்மேன்' 75 முழுக்க பக்கத்துக்கு ஒரே படம். அப்படியானால் வாசகர் வாராவாரம் கடைக்குப் போய் அந்தக் கட்டம் பெரிதாவதைப் பார்த்திருக்கிறார். நான் எழுதியதைவிட இது நல்ல உத்தி.

7 ஆகஸ்ட், மாலை 5.40

ஸ்பைடர்மேனின் காதலி க்வென் ஸ்டேசியைப் பற்றி எழுதாமல் இந்த இழை நகராது.

1973, 'அமேசிங் ஸ்பைடர்மேன்' 121. எழுதியது ஜெர்ரி கான்வே, வரைந்தது கில் கேன். பாலத்திலிருந்து விழுபவளை வலை வீசிப் பிடிக்கிறான், கழுத்தருகே சின்ன எழுத்தில் ஒரு 'ஸ்நாப்'. காப்பாற்றிய வலையே கொன்றது.

இயற்பியல் எளிது. விழுந்த உயரத்தை, நிற்க எடுத்துக்கொண்ட தூரத்தால் வகுத்தால், உடம்பு தாங்கும் அதிர்ச்சி ஏறக்குறைய எத்தனை ஜி (புவியீர்ப்பின் எத்தனை மடங்கு) என்று வந்துவிடும். 80 மீட்டர் விழுந்தவளை ஒரு மீட்டருக்குள் நிறுத்தினால் 80 ஜி. பத்து மீட்டருக்கு இழுத்து நிறுத்தினால் 8 ஜி. முதலாவதில் கழுத்து நிற்காது, இரண்டாவதில் பிழைக்க இடமுண்டு. எனவே சூப்பர்ஹீரோ எவராவது விழுபவரைத் தரைக்கு ஓரடி மேலே கையில் ஏந்தினால், தரையில் விழுந்ததற்கும் அதற்கும் வித்தியாசமில்லை. கூடவே கீழ்நோக்கிப் பறந்து, மெல்ல வேகம் குறைக்க வேண்டும்.

2014ன் 'அமேசிங் ஸ்பைடர்மேன் 2' படத்தில் இடத்தை மணிக்கூண்டாக மாற்றினார்கள். வலையின் நுனி ஒரு கைபோல விரிந்து அவளை நோக்கி நீள்கிறது. எட்டிவிடுகிறது. ஆனால் காலம் கடந்தபின். கடிகாரம் 1.21ல் நின்றிருக்கும், 121ஆம் இதழுக்கு அது வணக்கம்.

அந்தப் படம் தள்ளாடும் படம்தான், ஆனால் இந்தச் சாவு நிற்கிறது. இதற்கான கணக்கு தீர்ந்தது ஏழு வருஷம் கழித்து, வேறொருவரின் படத்தில். 2021ன் 'நோ வே ஹோம்'. அந்தப் படத்து ஸ்பைடர்மேனின் காதலி எம்ஜே சாரத்திலிருந்து விழுகிறாள், 2014 படத்து ஸ்பைடர்மேனான ஆண்ட்ரூ கார்ஃபீல்டின் பீட்டர் பாய்கிறான். இந்த முறை வலையை நம்பவில்லை. தானே குதித்துக் கையால் அணைத்துப் பிடிக்கிறான். இறக்கிவிட்டு நலமா என்று கேட்கும்போது அவன் முகம் உடைகிறது; நலமா என்று அவள் திருப்பிக் கேட்கிறாள். க்வென் பெயர் அங்கே உச்சரிக்கப்படவே இல்லை.

7 ஆகஸ்ட், இரவு 9.30 (இடையில் ஒருவர்)

பேட்மேன் 2012ன் 'த டார்க் நைட் ரைசஸ்' கடைசியில் குண்டைத் தூக்கிக்கொண்டு கடலுக்குப் போனாரே? சாகவில்லை. அப்போது அது ஏமாற்றுதானே?

7 ஆகஸ்ட், இரவு 10.10

பாதி ஏமாற்று. வெடிக்கச் சில நொடி இருக்கும்போதும் காக்பிட்டில் அவர் முகத்தைக் காட்டுகிறார்கள், அது நியாயமில்லை. ஆனால் மற்றவை நேர்மையாக விதைக்கப்பட்டவை. விமானத்தில் ஆட்டோபைலட் வேலை செய்யவில்லை என்று முன்பே சொல்லிவிடுகிறார்கள். கடைசியில் அதை ஆறு மாதம் முன்பே புரூஸ் வெய்ன், அதாவது பேட்மேன், சரிசெய்துவிட்டதாக அவருக்குக் கருவிகள் தரும் ஃபாக்ஸுக்குத் தெரியவருகிறது. ஃப்ளாரன்ஸ் காபிக் கடையில் புரூஸை நலமாகப் பார்க்க வேண்டும் என்ற கனவை, அவரை வளர்த்த ஆல்ஃபிரட் முதல் பாதியிலேயே சொல்லிவிடுகிறார்.

கல்லறை முன் ஆல்ஃபிரட் அழுவது பொய் இல்லை, பாருங்கள். அவரைப் பொறுத்தவரை வளர்த்த பிள்ளை செத்துவிட்டான். மைக்கேல் கெய்ன் அழுதது அழுததுதான். அதனால் ஆள் பிழைத்தாலும் அந்தக் காட்சியை நான் தள்ளமாட்டேன்.

தள்ளுவது 2013ன் லோகியை. தோர் மடியில் தலை வைத்துச் சாகிறான், படம் முடிவதற்குள் அப்பா ஓடினின் உருவத்தில் அரியணையில் உட்கார்ந்திருக்கிறான். தோர் அழுததற்குப் பிறகு அந்தப் படத்தில் எந்தப் பொருளும் கிடையாது. 2018ல் தானோஸ் அவன் கழுத்தை நெரித்து, இந்தத் தடவை மீண்டெழுவது கிடையாது என்று அறிவிக்க வேண்டியிருந்தது அதனால்தான்.

9 ஆகஸ்ட், காலை 10.00

யோண்டு. 2017, 'கார்டியன்ஸ் ஆஃப் த கேலக்ஸி' இரண்டாம் பாகம். விலைப்பட்டியல் இவ்வளவு எளிதாக எங்கும் சொல்லப்படவில்லை: ஒரு விண்வெளி உடை, ஒரு பறக்கும் கருவி, ஆள் இரண்டு. உடையைத் தான் வளர்த்த பிள்ளை குவில் முதுகில் ஒட்டிவிட்டு யோண்டு உறைகிறார். முகத்தில் பனி ஏறும்போது குவில் கன்னத்தைப் பிடித்துத் தட்டிக்கொண்டே இருக்கிறான்.

இதைத் தூக்கி நிறுத்துவது படத்தின் தொடக்கத்தில் வரும் இன்னொரு காட்சி. குழந்தைகளைக் கடத்தியதற்காக யோண்டுவை ரேவேஜர் என்ற விண்வெளிக் கொள்ளையர் கூட்டம் தள்ளிவைத்திருக்கிறது. நீ செத்தால் உன் சாவில் கொம்பு ஊதாது, வண்ண ஒளி பாயாது என்று கூட்டத்தலைவர் ஸ்டகார் முகத்துக்கு நேரே சொல்லிவிட்டுப் போகிறார். கடைசியில் கப்பல்கள் ஒன்றன்பின் ஒன்றாக வந்து நிற்கின்றன, ஒளி பாய்கிறது. ஊர் தள்ளிவைத்தவனுக்கு ஊரே வந்து எடுக்கும் சாவு. நமக்கு இது விளக்கவே வேண்டாம்.

முதல் பாகத்தில் க்ரூட் என்ற நடமாடும் மரம். எல்லாரையும் கிளைகளால் சுற்றிக் கூடு கட்டிவிட்டு, வழக்கமாகச் சொல்லும் 'நான் க்ரூட்' என்பதை ஒரே ஒரு முறை மாற்றி 'வி ஆர் க்ரூட்' என்கிறது. ஆங்கிலத்தில் அந்த 'வி' பொதுவானது. தமிழில் சொன்னால் தேர்ந்தே ஆக வேண்டும்: 'நாங்கள்' என்றால் கேட்கும் நண்பன் ராக்கெட் வெளியே நிற்பான், 'நாம்' என்றால் உள்ளே வந்துவிடுவான். 'நாம் க்ரூட்.' சாகப்போகும் மரம் கடைசியாகச் செய்வது ஒரு சொல்லை மாற்றி, அநாதை ஒருவனைக் குடும்பத்தில் சேர்ப்பது.

9 ஆகஸ்ட், இரவு 8.45

தமிழ் டப்பிங் பற்றிக் கேட்டவருக்கு. 'எண்ட்கேம்' தமிழ் வசனம் ஏ.ஆர். முருகதாஸ், டோனிக்கு விஜய் சேதுபதி, நடாஷாவுக்கு ஆண்ட்ரியா. முந்தைய படங்களில் கேட்டுப் பழகிய குரல் மாறியதில் ரசிகர்கள் பலர் வருத்தப்பட்டார்கள். நடிகரின் திறமை பற்றிய பேச்சு இல்லை இது. கடைசி வரி 2008ன் எதிரொலி. எதிரொலி கேட்க வேண்டும் என்றால் முதலில் கத்திய குரலே திரும்பி வர வேண்டும். தொடர் படங்களில் சாகப்போகும் பாத்திரத்துக்குக் குரல் மாற்றுவதில் இந்த ஒரு சிக்கல் எப்போதும் உண்டு.

12 ஆகஸ்ட், இரவு 11.20

மூன்று விஷயம் என்று எழுதினேன். யோசிக்க யோசிக்க, சாவு வேண்டும் என்பதே கட்டாயமில்லை என்று படுகிறது.

'நோ வே ஹோம்' கடைசிப் பத்து நிமிடம். உலகம் முழுக்கத் தன்னை மறக்கும்படி மந்திரம் போடச் சொல்கிறான் பீட்டர் (அந்தப் படத்து ஸ்பைடர்மேன், டாம் ஹாலண்ட்). பிறகு எம்ஜே வேலை செய்யும் காபிக் கடைக்குப் போகிறான், எல்லாவற்றையும் சொல்லிவிட ஒரு தாளில் எழுதி எடுத்துக்கொண்டு. அவள் நெற்றியில் ஒரு பிளாஸ்திரி ஒட்டியிருக்கிறது. அந்தக் காயம் இவனோடு இருந்ததால் வந்தது. இப்போது வலிக்கவில்லை என்கிறாள். தாளைப் பையிலேயே வைத்துவிட்டுக் காபியை வாங்கிக்கொண்டு போகிறான்.

செத்தவனுக்கு அழ ஆள் இருக்கும். இவனுக்கு அதுவும் இல்லை. நான் போட்ட மூன்றாவது விதிக்கே இது இடிக்கிறது: இங்கே மிஞ்சியவர்கள் ஒன்றும் செய்யவில்லை, செய்ய முடியாது என்பதுதான் விலை. விதியைத் திருத்திக்கொள்கிறேன். இழப்பை எவராவது ஒருவர் சுமக்க வேண்டும். அது இழந்தவனாகவே இருந்தாலும் சரி.

13 ஆகஸ்ட், காலை 7.30

போன மாதம் வந்த 'ஃபென்டாஸ்டிக் ஃபோர்' பற்றிச் சுருக்கமாக. உலகங்களை விழுங்கும் கலாக்டஸைத் தள்ளித் தள்ளியே சூ உயிரை விடுகிறாள். குழந்தை ஃப்ராங்க்ளின் தொட்டு எழுப்பிவிடுகிறது. குழந்தையிடம் சக்தி இருப்பதை முன்பே சொன்னதால் மோசடி என்று சொல்லமாட்டேன். ஆனால் ரீட் மனைவி இல்லாத உலகத்தில் ஒரு நாள்கூட இருந்து பார்க்கவில்லை. இழப்பைச் சுமக்க எவரும் இல்லை. அதே காட்சியில் சூவின் தம்பி ஜானியைத் தள்ளிவிட்டுத் தான் போகும் வெள்ளிப் பெண், ஷல்லா-பால், எனக்கு அதைவிடக் கனமாகத் தெரிந்தாள். தன் ஊரைக் காக்க எத்தனையோ உலகங்களைக் காட்டிக்கொடுத்த கடன் அவள் முதுகில் இருந்தது.

13 ஆகஸ்ட், மதியம் 12.50

வொண்டர் வுமன் டயானாவின் காதலன் ஸ்டீவ் ட்ரெவரை எப்படி விட்டேன்! 2017. வாயுக் குண்டுகள் நிறைந்த விமானத்தை மேலே கொண்டுபோய்த் தானே சுடுகிறான். புதுவகை வாயு ஹைட்ரஜன் சேர்ந்தது என்ற தகவல் லண்டன் காட்சியிலேயே வந்துவிடுகிறது, எனவே தீப்பிடிக்கும் என்று தனியாக விளக்க வேண்டியதில்லை. கிளம்புமுன் டயானாவிடம் என்னவோ சொல்கிறான். குண்டு வெடித்து அவள் காது அடைத்திருப்பதால் நமக்கும் கேட்பதில்லை. விமானம் வெடித்தபின்தான் அந்தப் பேச்சு ஒலியோடு திரும்பி வருகிறது. ஒரே வசனத்தை முதலில் ஊமையாகவும் பிறகு குரலோடும் காட்டியது அருமையான எடிட்டிங். செத்தவன் பேசியது செத்தபின் வந்து சேர்கிறது.

16 ஆகஸ்ட், இரவு 9.55

நடாஷாவுக்குப் பெயர் எழுதி ஒரு பூகூட இல்லை என்று 5ஆம் தேதி எழுதியிருந்தேன். 2021ன் 'பிளாக் விடோ' கடைசியில் கல்லறை வருகிறதே என்று இருவர் நினைவூட்டினார்கள். சரிதான், நான் எழுதியது 'எண்ட்கேம்' படத்துக்கு மட்டும் பொருந்தும். மீண்டும் போட்டுப் பார்த்தேன்.

கல்லில் மகள், சகோதரி, அவெஞ்சர் என்று இருக்கிறது. சுற்றிலும் பூ, பொம்மை, யார் யாரோ வைத்துப் போனவை. தங்கை யெலேனா நாயோடு வருகிறாள், சுத்தம் செய்கிறாள், மண்டியிடுகிறாள். ஒஹாயோவில் சிறுபிள்ளைகளாக இருந்தபோது இருவருக்கும் ஒரு சீழ்க்கை உண்டு: ஒருத்தி இரண்டு சுரம் அடித்தால் மற்றவள் எங்கிருந்தாலும் அதே சுரத்தில் பதில் கொடுப்பாள். படம் முழுக்க அந்தச் சீழ்க்கைக்குப் பதில் வந்துகொண்டிருந்தது. இங்கே யெலேனா அடிக்கிறாள். நிறுத்திக் காத்திருக்கிறாள்.

அதற்குள் பக்கத்தில் யெலேனாவின் முதலாளி வாலன்டீனா மூக்கைச் சிந்தும் சத்தம், அடுத்த படத்துக்கான பேரம் தொடங்கிவிடுகிறது. அந்த இடத்தில் இன்னும் கொஞ்ச நேரம் ஒன்றும் கேட்காமல் விட்டிருக்க வேண்டும்.